கிண்ணத்துக்குள் ஊர், மலைமேல் ஏரி

சேலத்தில் கல்லூரியில் படிக்கும் ஒரு தம்பி கற்பனை உலகக் கதை ஒன்று எழுதுகிறார். ஐந்து மலைகளுக்கு நடுவில் ஒரு தலைநகரம். மலைக்கு அடியில் ஒரு அக்கினி நாகம் தூங்குகிறது. ஒன்பதாம் அத்தியாயத்தில் அந்த நகரம் ஒரே இரவில் அழிய வேண்டும். நிலநடுக்கம் வைத்துப் பார்த்தாராம், எரிமலை வைத்துப் பார்த்தாராம், வெள்ளமும் வைத்துப் பார்த்தாராம். படித்த நண்பர்கள் எல்லோரும் “கதையோடு ஒட்டவில்லை, வெளியிலிருந்து கொண்டுவந்து வைத்த மாதிரி இருக்கிறது” என்கிறார்களாம். எந்தப் பேரழிவை வைக்கலாம், மந்திரத்தை எவ்வளவு தூரம் விடலாம், பிழைத்தவர்கள் எத்தனை நாள் கழித்து ஊருக்குத் திரும்பலாம்? இந்த மூன்றும்தான் கேள்வி.

நான் கதை எழுதுகிறவன் இல்லை. சேலத்தைச் சுற்றியுள்ள வெள்ளைக்கல் (மேக்னசைட்) சுரங்கங்களில் முப்பது வருஷம் மண்ணியல் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். கதை எப்படி நகர வேண்டும் என்று எனக்குத் தெரியாது. மலை எப்படி நகரும் என்று ஓரளவு தெரியும். அதிலிருந்து சொல்கிறேன்.

நண்பர்கள் சொன்னது சரிதான் தம்பி. நீங்கள் அனுப்பிய சுருக்கத்தில் எட்டு அத்தியாயம் வரை அந்த மலைகள் சும்மா நிற்கின்றன. ஒன்பதாவதில் திடீரென்று ஒன்று குலுங்குகிறது, இன்னொன்று நெருப்பைக் கக்குகிறது. பெரிய அழிவுகள் அப்படி வருவதில்லை. வருவதற்கு முன்பே அந்த நிலத்தில் குடியிருக்கும். கல்லில், கிணற்றுத் தண்ணீரில், ஊர்ப் பெயரில், பாட்டி “அந்தப் பக்கம் போகாதே” என்று சொல்வதில் இருக்கும். ஆகவே முதலில் நிலத்தைப் பார்த்துவிட்டு, அதற்கு எந்த அழிவு பொருந்தும் என்று தேடுங்கள். நீங்கள் தலைகீழாகச் செய்திருக்கிறீர்கள்.

நிலநடுக்கத்தை விட்டுவிடலாம். நம் பக்கத்தில் பெரியது என்றால் 1900 பிப்ரவரியில் கோயம்புத்தூர்ப் பக்கம் வந்ததைத்தான் சொல்வார்கள், 6 அளவில். அதற்கு முன்னறிகுறி வைப்பது கஷ்டம். வந்த பிறகு இடிபாட்டைத் தவிர எழுத ஒன்றும் இருக்காது. எரிமலை வைத்தால் மண் கறுப்பாக இருக்க வேண்டும், வெந்நீர் ஊற்று இருக்க வேண்டும், சாம்பல் படிந்த பாறை இருக்க வேண்டும். உங்கள் மலைகள் சேர்வராயன் மாதிரிப் பச்சையாக, பழையதாக இருக்கின்றன. சேர்வராயன் மலையின் சார்னோகைட் பாறைக்குச் சுமார் 250 கோடி வயது. அவ்வளவு கிழட்டு மலைக்குள் ஒரு எரிமலையைத் திணித்தால் யாராக இருந்தாலும் முகம் சுளிப்பார்கள்.

மண்சரிவு கொஞ்சம் பரவாயில்லை. ஏற்காட்டுக்கு மேலே பாறையின் தலையில் தொப்பி போட்ட மாதிரிச் செம்மண்ணும் பாக்சைட்டும் கிடக்கிறது. நல்ல மழையில் அந்தத் தொப்பி ஊறும், கீழே இருக்கும் வழுவழுப்பான பாறைமேல் சறுக்கும். 2024 டிசம்பர் தொடக்கத்தில் ஃபெஞ்சல் புயலின்போது ஊத்தங்கரையில் ஒரே நாளில் 50 சென்டிமீட்டர் கொட்டியது. ஏற்காட்டு மலைப்பாதையில் மண் சரிந்து போக்குவரத்து நின்றது. திருவண்ணாமலையில் மலையடிவாரத்து வீடு புதைந்து ஏழு பேர் போனார்கள். கொடுமையான விஷயம்தான். ஆனால் மண்சரிவு ஒரு தெருவை எடுக்கும், ஒரு கிராமத்தை எடுக்கும், ஒரு தலைநகரத்தை முழுசாக எடுக்காது. அதைத் தூக்கி எறிய வேண்டாம், ஓரமாக வையுங்கள். பின்னால் வேலை இருக்கிறது.

இப்போது உங்கள் வீட்டு மொட்டை மாடிக்குப் போய் ஒரு சுற்றுச் சுற்றுங்கள். வடக்கே நகரமலை, அதற்குப் பின்னால் சேர்வராயன். தெற்கே ஜருகுமலை. மேற்கே கஞ்சமலை. கிழக்கே கோதுமலை. மலையைக் குறிக்கும் ‘சைலம்’ என்ற சொல்தான் சேலம் ஆனது என்று ஒரு கட்சி உண்டு. பெயர் எப்படி வந்திருந்தாலும் ஊர் ஒரு கிண்ணத்தின் அடியில் உட்கார்ந்திருக்கிறது. நகரம் கடல்மட்டத்திலிருந்து சுமார் 280 மீட்டர், ஏற்காடு சுமார் 1,500 மீட்டர். சேர்வராயன் தண்ணீர் திருமணிமுத்தாறாக இறங்கி ஊருக்கு நடுவாகப் போகிறது. உங்கள் ஐந்து மலை நாட்டை நீங்கள் எங்கே இருந்து எடுத்தீர்கள் என்று கேட்க வேண்டியதே இல்லை.

கிண்ணத்துக்கு ஒரு குணம் உண்டு. கனமானது எது வந்தாலும் அடியில் தங்கும். தண்ணீர் தங்கும், மார்கழிப் பனி தங்கும், தீபாவளி இரவுப் புகை தங்கும். கண்ணுக்குத் தெரியாத, காற்றைவிடக் கனமான ஒன்று மலையிலிருந்து இறங்கினால் அதுவும் தங்கும்.

அந்த ஒன்று எங்கே இருக்கிறது என்பதற்கும் வெளியூர் போக வேண்டாம். ஓமலூரிலிருந்து ரயிலில் வரும்போது மேக்னசைட் ஜங்ஷன் பக்கம் ஜன்னலில் பாருங்கள், சுண்ணாம்பு கொட்டிய மாதிரி வெள்ளை மேடுகள். வெள்ளக்கல்பட்டி என்று ஊருக்கே அதன் பெயர் இருக்கிறது. அந்தக் கல்லைக் கையில் எடுத்தால் மாவு மாதிரி வெள்ளை, ஆனால் இரும்பாகக் கனக்கும். சுத்தியலால் தட்டினால் சிப்பி மாதிரி வளைவாக உடையும். சுண்ணாம்புக்கல்மேல் ஒரு சொட்டு அமிலம் விட்டால் உடனே பொங்கும். இந்தக் கல்மேல் விட்டால் பேசாமல் இருக்கும். அமிலத்தைச் சுடவைத்து விட வேண்டும், அப்போதுதான் நுரைக்கும். சுரங்கத்துக்குப் புதிதாக வரும் பையன்களிடம் நான் முதலில் செய்து காட்டியது இதைத்தான். “இது அழுத்தக்காரக் கல். சூடு காட்டினால்தான் உள்ளே இருப்பதைச் சொல்லும்” என்பேன்.

உள்ளே இருப்பது கரியமில வாயு. பச்சை நிறப் பாறை ஒன்று, டூனைட் என்று பெயர், நிலத்துக்குள் கரியமில வாயு கலந்த தண்ணீரோடு காலங்காலமாகச் சேர்ந்து வெள்ளைக்கல் ஆகிறது. அதாவது பாறை வாயுவைக் குடித்து உறைந்திருக்கிறது. சூளையில் 600 டிகிரிக்கு மேல் சூடு ஏறும்போது குடித்ததைத் திரும்பக் கக்கும். சூளைக்குள் 100 கிலோ கல் போனால் 48 கிலோ வரும். மீதி 52 கிலோ புகைபோக்கி வழியாகப் போய்விடும். லாரிக்காரர் ஒருவர் எடை குறைகிறது, யாரோ திருடுகிறார்கள் என்று என்னிடம் சண்டைக்கே வந்தார். ஒரு மணி நேரம் உட்கார வைத்து விளக்கியும் அவர் நம்பவில்லை என்றுதான் நினைக்கிறேன்.

கணக்குப் பார்க்கலாம், கதைக்காரர்கள் இதைத் தாண்டிப் போகக் கூடாது. ஒரு கன மீட்டர் வெள்ளைக்கல் சுமார் 3 டன். அதிலிருந்து வெளியே வரும் வாயு நம் ஊர் வெயிலில் கிட்டத்தட்ட 900 கன மீட்டருக்கு விரியும். ஒரு மேசை அளவு கல்லுக்குள் ஒரு கல்யாண மண்டபம். உங்கள் தலைநகரம் 10 கிலோமீட்டருக்கு 10 கிலோமீட்டர் என்று வைத்துக்கொள்வோம். தரையிலிருந்து 10 மீட்டர் உயரம் வரைக்கும் இருக்கும் காற்று 100 கோடி கன மீட்டர். அதில் ஐந்தில் ஒரு பங்கு கரியமில வாயுவாக மாறினால் போதும். பத்து சதவீதத்தைத் தாண்டினாலே சில நிமிடத்தில் நினைவு தப்பும், இது இருபது. தேவை 20 கோடி கன மீட்டர் வாயு. கல்லாகப் பார்த்தால் நீளம், அகலம், உயரம் ஒவ்வொன்றும் 60 மீட்டருக்குச் சற்று மேல். ஒரு சின்னக் கரடு, அதாவது குன்றுகூட இல்லை. முழு நகரத்தையும் தூங்க வைக்க ஒரு கரட்டின் மூலை போதும்.

இதைப் படித்துவிட்டு வெள்ளைக்கல் கிடைக்கும் கருப்பூர்ப் பக்கம் யாரும் வீடு விற்க வேண்டாம். நிஜச் சேலத்தில் அந்தக் கல்லுக்கு அடியில் சூடு கிடையாது. அது இன்னும் எத்தனை கோடி வருஷம் ஆனாலும் கல்லாகவே கிடக்கும். சூடு உங்கள் கதையில்தான் இருக்கிறது: அந்த அக்கினி நாகம்.

மந்திரத்தைப் பற்றிய கேள்விக்கும் இதிலேயே பதில் இருக்கிறது. நாகத்தை வைத்துக்கொள்ளுங்கள். ஆனால் உங்களுக்கு ஒரே ஒரு பொய்க்குத்தான் அனுமதி. மலைக்கு அடியில் சூடு எங்கே இருந்து வருகிறது என்பதற்கு நாகம் பதில், அவ்வளவுதான். அதற்கு மேலே நடப்பதெல்லாம் கல், தண்ணீர், கனம், சரிவு. நாகம் நினைத்த இடத்துக்கு வாயுவை அனுப்பக் கூடாது. கெட்டவனை மட்டும் தேடிப் பிடித்துக் கொல்லக் கூடாது. உங்கள் சுருக்கத்தில் மந்திரி மட்டும் முதலில் சாகிறான். அதை எடுத்துவிடுங்கள், கண்ணு. அவன் மாடியில் தூங்குகிறவன் என்றால் அவன்தான் பிழைப்பான்.

இதில் ஒரு சிக்கல் இருக்கிறது. நாகத்தின் மூச்சில் கல் வேகும், சரி. ஆனால் ஒரே இரவில் வேகாது. ஐம்பது, நூறு வருஷமாகக் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் வேகும். அப்படிக் கசிந்தால் காற்று அடித்துக்கொண்டு போய்விடும், ஒருவருக்கும் தும்மல்கூட வராது. கசிவதைச் சேர்த்து வைத்து ஒரே நாளில் திறந்துவிட ஒரு பாத்திரம் வேண்டும். அதை உலகம் ஏற்கனவே செய்து காட்டியிருக்கிறது.

ஆப்பிரிக்காவில் கேமரூன் நாட்டு மலைப்பகுதியில் நியோஸ் என்று ஒரு ஏரி. பழைய எரிமலைக் குழியில் தேங்கிய தண்ணீர், 200 மீட்டருக்கு மேல் ஆழம். 1986 ஆகஸ்ட் 21, இரவு ஒன்பது மணி வாக்கில் அந்த ஏரி பொங்கியது. அடியில் கரைந்திருந்த கரியமில வாயு லட்சக்கணக்கான டன் வெளியே வந்து, பள்ளத்தாக்கு வழியாக ஆறு மாதிரி இறங்கி, 25 கிலோமீட்டர் வரை போனது. 1,746 பேர் இறந்தார்கள், பெரும்பாலோர் தூக்கத்தில். ஆடு மாடு 3,500. அதற்கு இரண்டு வருஷம் முன்பு, 1984 ஆகஸ்டில், அதே நாட்டில் மோனூன் ஏரியில் 37 பேர் இதே மாதிரி இறந்தார்கள். என்ன நடந்தது என்று அப்போது யாருக்கும் பிடிபடவில்லை.

ஏரி எப்படிப் பொங்கும்? கோலி சோடாவை நினைத்துக்கொள்ளுங்கள். குண்டு அடைத்திருக்கும் வரை உள்ளே தண்ணீர் தெளிவாக, அமைதியாக இருக்கும். குண்டைத் தட்டியதும் அழுத்தம் போகிறது, வாயு குமிழியாகிறது, மேலே ஏறுகிறது. ஆழமான ஏரியில் அந்தக் குண்டு வேலையை மேல்தண்ணீரின் பாரம் செய்கிறது. 100, 200 மீட்டருக்குக் கீழே இருக்கும் தண்ணீர் தன் கொள்ளளவைப் போலப் பத்து மடங்கு வாயுவைச் சத்தமில்லாமல் பிடித்து வைத்துக்கொள்ளும். ஏதோ ஒன்று அடித்தண்ணீரைக் கொஞ்சம் மேலே தூக்கிவிட்டால் போதும். அங்கே குமிழி கிளம்பும், குமிழி இன்னும் தண்ணீரை இழுத்துக்கொண்டு ஏறும், அப்புறம் நிறுத்த முடியாது.

நம் கணக்குக்கு 20 கோடி கன மீட்டர் வாயு வேண்டும். பத்து மடங்கு என்றால் 2 கோடி கன மீட்டர் தண்ணீர். 500 மீட்டர் நீளம், 400 மீட்டர் அகலம், அடியில் 100 மீட்டர் கனத்துக்கு வாயு கலந்த தண்ணீர். மொத்த ஆழம் 200 மீட்டர் வையுங்கள். ஏற்காட்டு ஏரியில் படகு விடுகிறவர்கள் சிரிப்பார்கள், அது ஆழமில்லாத ஏரி. உங்கள் ஏரிக்கு ஆழம் எப்படி வந்தது? நாகம் முன்னொரு யுகத்தில் ஒருமுறை தலை தூக்கியது, அந்தக் குழிதான் ஏரி. நியோஸ் குழியும் வெடித்து உண்டானதுதான் என்பதால் இது பொய்யிலும் ஒரு நியாயத்தோடு நிற்கும்.

இந்த இடத்தில்தான் எனக்கே கதை எழுத ஆசை வந்தது.

ஏன் கேமரூனில் மட்டும்? வாயு ஊறும் ஏரிகள் குளிர்நாடுகளிலும் உண்டு. ஆனால் அங்கே வருஷா வருஷம் குளிர்காலத்தில் மேல்தண்ணீர் குளிர்ந்து, கனத்து, அடிக்கு இறங்குகிறது. அடித்தண்ணீர் மேலே வருகிறது. ஏரி தன்னைத் தானே கலக்கிக்கொண்டு, சேர்ந்த வாயுவை அவ்வப்போது விட்டுவிடுகிறது. வெப்பநாட்டில் அந்தக் கலக்கல் நடப்பதில்லை, அதனால் சேர்ந்துகொண்டே போகிறது. இப்போது உங்கள் உலகத்துக்கு வாருங்கள். அங்கே பருவங்கள் நம்மைப் போல இருக்க வேண்டும் என்று என்ன கட்டாயம்? குளிர்காலமே அறுபது வருஷத்துக்கு ஒருமுறைதான் வரும் என்று வையுங்கள். பிரபவ முதல் அட்சய வரை ஒரு சுற்று என்பது நமக்குப் பழகிய கணக்குதான். 59 வருஷம் வாயு ஊறும். அறுபதாவது வருஷம் பனி விழும். மேல்தண்ணீர் குளிர்ந்து கனக்கும். வாயு கலந்த அடித்தண்ணீர் அதைவிடக் கனமானது, லேசில் அசையாது. அதனால் ஒரு தள்ளு வேண்டும். ஓரமாக வைத்த மண்சரிவை இங்கே எடுங்கள். பனிக்கு முந்தைய அடைமழையில் ஊறிய செம்மண் தொப்பி ஏரிக்குள் சரிகிறது.

அறுபது என்ற எண்ணைச் சும்மா சொல்லவில்லை. நூறு வருஷம் என்றால் பார்த்தவர் யாரும் உயிரோடு இருக்க மாட்டார். பத்து வருஷம் என்றால் எல்லோருக்கும் ஞாபகம் இருக்கும், ஊரே எச்சரிக்கையாக இருக்கும். அறுபது என்றால் ஊரில் யாரோ ஒரு பாட்டி ஆறு வயதில் பார்த்திருப்பாள். அவள் சொல்வதை ஒருவரும் காதில் வாங்க மாட்டார்கள்.

இந்தோனேசியாவில் சிமலூ என்று ஒரு தீவு. 1907இல் அங்கே கடல் பொங்கிப் பெரிய சேதம். அதற்கப்புறம் அந்தத் தீவில் ‘ஸ்மோங்’ என்று ஒரு சொல்லைத் தாலாட்டிலும் கதையிலும் பேரப்பிள்ளைகளுக்குச் சொல்லி வளர்த்தார்கள். தரை ஆடி, கடல் பின்வாங்கினால் மலைக்கு ஓடு, அவ்வளவுதான் அதன் பொருள். 2004 டிசம்பர் 26 சுனாமி மையத்துக்கு மிகப் பக்கத்தில் இருந்தும் சுமார் 78,000 பேர் வாழ்ந்த அந்தத் தீவில் இறந்தவர்கள் ஏழு பேர். 97 வருஷம் ஒரே ஒரு சொல் உயிரோடு இருந்திருக்கிறது. உங்கள் தலைநகரத்தில் அதற்கு நேர் எதிரானது நடக்கட்டும். சொல் இருக்கும், பொருள் போயிருக்கும்.

எப்படிக் காட்டலாம் என்பதற்கு என் அப்புச்சியை, அம்மாவின் அப்பாவை, கொண்டுவருகிறேன். கஞ்சமலைக்குக் கீழே அவர் தோட்டத்தில் அறுபது அடிக் கிணறு. இரண்டு வருஷமாகத் தண்ணீர் இறைக்காமல் மூடிக் கிடந்தது. கோடையில் தூர் வார ஆள் வந்தார்கள். எனக்கு அப்போது பத்து வயது இருக்கும். இறங்கப்போன ஆளை அப்புச்சி நிறுத்தினார். லாந்தரைப் பற்றவைத்து, திரியை நன்றாக ஏற்றி, கயிற்றில் கட்டி மெதுவாக விட்டார். முப்பது அடி வரை நன்றாக எரிந்தது. அதற்குக் கீழே சுடர் குட்டையானது, திரியைக் கட்டிப்பிடித்த மாதிரி ஒட்டிக்கொண்டது, அப்புறம் யாரோ விரலால் நசுக்கியது போல அணைந்தது. காற்று இல்லை, சத்தம் இல்லை. மேலே இழுத்தபோது கண்ணாடி இன்னும் சுட்டது. அந்த ஆள் ஒன்றும் பேசாமல் தலைத்துண்டை அவிழ்த்து மறுபடியும் கட்டிக்கொண்டார். வேப்பங்கிளைகளைக் கத்தையாகக் கட்டிக் கிணற்றுக்குள் விட்டு விட்டு இழுத்து, வாளி வாளியாகத் தண்ணீரை உள்ளே வீசி, சாயங்காலம் வரை உள்காற்றைக் கலக்கினார்கள். மறுநாள் லாந்தர் அடி வரைக்கும் போய் அணையாமல் நின்றது. பிறகுதான் ஆள் இறங்கினார். (இன்றைக்கு யாரும் விளக்கை நம்பி இறங்காதீர்கள். வாயு அளக்கும் கருவி இருக்கிறது, சில வாயு விளக்குப் பட்டால் தீப்பிடிக்கும்.)

அதை அப்படியே உங்கள் நகரத்துக்கு எடுத்துக்கொள்ளுங்கள். அந்த ஊரில் பழைய வீடுகளில் விளக்கு மாடம் முழங்கால் உயரத்தில் இருக்கும். ஏன் அவ்வளவு கீழே என்று யாருக்கும் தெரியாது. “முன்னோர் குள்ளமாக இருந்தார்கள்” என்று ஒரு விளக்கம்கூடச் சொல்லிக்கொள்ளலாம், நம் ஆட்கள் அப்படித்தான் சொல்வார்கள். புதுப் பணக்காரத் தெருக்களில் மாடத்தை மார்பு உயரத்துக்கு ஏற்றிவிட்டார்கள், புடவைத் தலைப்பில் தீப்பற்றுகிறது என்று. நியாயமான காரணம்தான். காவல்காரன் மட்டும் இன்னும் கணுக்காலுக்குப் பக்கத்தில் விளக்கைத் தொங்கவிட்டு நடக்கிறான். பிள்ளைகள் அவனைக் கேலி செய்கிறார்கள். இதை மூன்றாம் அத்தியாயத்தில் போகிற போக்கில் ஒரு வரியில் வையுங்கள், விளக்க வேண்டாம்.

மலை உச்சித் திருவிழா ஒன்றும் தேவை. சேர்வராயன் உச்சியில் குகைக்குள் சேர்வராயனும் காவேரியம்மனும் இருக்கிறார்கள், அந்தக் குகை காவிரி வரை போகிறது என்று ஒரு நம்பிக்கை. கோடையில் மலைவாழ் மக்கள் கூடிப் பெரிய திருவிழா எடுப்பார்கள். உங்கள் நாட்டில் முதல் பனி விழுந்த நாள் ஊரே குழந்தை குட்டி, ஆடு மாடோடு மலையேறி மூன்று இரவு மேலேயே தூங்க வேண்டும் என்று ஒரு நேர்த்தி இருந்திருக்கும். காலப்போக்கில் பல்லக்கு மட்டும் மேலே போகிறது, அரசன் சார்பில் ஒரு அதிகாரி போகிறார், மக்கள் கீழேயே பொங்கல் வைத்துவிட்டுத் தூங்குகிறார்கள். பொல்லாதவர்கள் யாரும் இதைச் செய்யவில்லை. குளிராக இருக்கிறது, ஏற முடியவில்லை, அவ்வளவுதான்.

அந்த இரவை எழுதும்போது அவசரப்படாதீர்கள். மேலே ஏரி பொங்கும் சத்தம் இடி மாதிரி ஒன்று, இரண்டு. ஏரியை விட நல்ல உயரத்தில் இருப்பவர்கள் பிழைப்பார்கள். கீழே பள்ளத்தாக்கில் இருக்கும் சிற்றூர்கள் முதலில் அடங்கும். வாயு ஆற்றின் தடத்தைப் பிடித்து இறங்கும், தண்ணீர் போகும் வழிதான் அதற்கும் வழி. 20 கிலோமீட்டர் தூரத்தை ஒரு மணி நேரத்தில் கடக்கும் என்று வைக்கலாம். அந்த ஒரு மணி நேரம்தான் உங்கள் அத்தியாயம். உச்சியிலிருந்து அந்த அதிகாரி தீ மூட்டி எச்சரிக்கிறார். கீழே இருப்பவர்கள் அதைத் திருவிழாத் தீ என்று நினைத்துக் கையெடுத்துக் கும்பிடுகிறார்கள்.

ஊருக்குள் வரும்போது அதற்கு உருவம் கிடையாது. ஆற்றங்கரைத் தவளைகள் வரிசையாகக் கத்துவதை நிறுத்தும், ஒரு கரை முழுக்கக் கத்திக்கொண்டிருந்தது மெல்ல மெல்ல அடங்கி வரும். தெருநாய் படுக்கும். தரையில் பாய் போட்டுத் தூங்குகிறவர்களுக்கு முதலில், கட்டிலில் இருப்பவர்களுக்குச் சற்றுப் பின்னால். ஆற்றோரத்தில் யார் குடியிருப்பார்கள் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை, எந்த ஊரிலும் பள்ளத்தில் ஏழைகள்தான். ஆனால் அரசனின் நிலவறைப் பொக்கிஷத்தைக் காக்கும் வீரர்களும் அதே நேரத்தில் சாவார்கள், நிலவறை அதைவிடப் பள்ளம். பழைய தெருவில் முழங்கால் மாடத்து விளக்குகள் ஒன்றன்பின் ஒன்றாக அணையும். புதுத் தெருவில் மார்பு உயர விளக்குகள் இன்னும் எரியும், அந்த வெளிச்சத்தில் கீழே விழுந்து கிடக்கும் குழந்தை தெரியும். காவல்காரன் கணுக்கால் விளக்கு அணைந்ததைப் பார்த்துவிடுவான். மணியடிக்க அவனுக்கு எத்தனை நொடி கொடுக்கலாம் என்பது உங்கள் விருப்பம். நான் என்றால் இரண்டு அடி அடிக்க விடுவேன்.

மறுநாள் காலையில் ஏரி சிவந்திருக்கும். கவித்துவத்துக்காகச் சொல்லவில்லை, நியோஸில் அப்படித்தான் ஆனது. அடித்தண்ணீரில் கரைந்திருந்த இரும்பு மேலே வந்து காற்றுப் பட்டதும் துருவாகிறது. கஞ்சமலை மாதிரி இரும்புக்கல் மலை ஒன்று உங்கள் ஐந்தில் இருந்தால் இன்னும் நன்றாகச் சிவக்கும். பூசாரிகள் நாகத்தின் ரத்தம் என்பார்கள், சொல்லட்டும். அந்தப் பாட்டி மட்டும் “போன தடவையும் இப்படித்தான் இருந்தது” என்று சொல்லலாம், அவள் பிழைத்திருந்தால்.

கடைசிக் கேள்வி, எப்போது திரும்பலாம். இது நீங்கள் நினைப்பதைவிடச் சீக்கிரம். வெயில் ஏறிக் காற்று கிளம்பினால் திறந்த தெருக்கள் ஒன்றிரண்டு நாளில் சரியாகிவிடும். வீடுகள் இடிந்திருக்காது, பயிர் வாடியிருக்காது. அடுப்பில் வைத்த சோறு அப்படியே இருக்கும், ஈ மொய்த்திருக்காது, ஏனென்றால் ஈயும் செத்திருக்கும். நியோஸுக்கு முதலில் போனவர்களை அதிர வைத்தது அந்த அமைதிதான். ஆனால் கிணறு, நிலவறை, தானியக் குதிர், ஆற்றுப் பள்ளம் இங்கெல்லாம் வாயு நாள்கணக்காக, சில இடங்களில் வாரக்கணக்காகத் தங்கும். ஊருக்குத் திரும்பிய முதல் ஆட்களில் பாதிப் பேரை இந்த இரண்டாவது சாவில் இழந்தால் ஆச்சரியப்பட மாட்டேன். பொக்கிஷத்தைத் தேடி நிலவறைக்கு இறங்குகிறவர்களை அங்கே வையுங்கள். யாராவது ஒருவர் காவல்காரனின் கையிலிருந்து அந்த விளக்கை எடுத்து, பற்றவைத்து, கயிற்றில் கட்டிப் படிக்கட்டு வழியாகக் கீழே விடட்டும். எத்தனையாவது படியில் அணைகிறது என்று எண்ணச் சொல்லுங்கள்.